நல்லவனுக்கு மட்டும்தானா நியாயம்?

தோட்டத்துக் கிராணிக்குக் கணக்கு எழுதுவது பாதி வேலை. மனு எழுதுவது மறு பாதி. பகலில் துரைக்காகப் பேரேடு எழுதும் அதே கை, மாலையில் வேலையாளுக்காக அந்தத் துரைக்கே விண்ணப்பம் எழுதும். இங்கிலீஷ் படித்தவன் என்ற காரணத்தால் இந்த இரண்டாவது உத்தியோகம் சம்பளமின்றி என்மேல் வந்து விழுந்தது. பல ஆண்டுகள் எழுதியதில் ஒரு விஷயத்தைக் கவனித்தேன். மனு எழுதச் சொல்பவர் தமக்குச் சேரவேண்டிய பாக்கியை முதலில் சொல்வதேயில்லை. "நான் இருபத்திரண்டு வருஷம் இந்தத் தோட்டத்தில் உழைத்தவன். ஒரு நாளும் குடித்துவிட்டு வேலைக்கு வந்ததில்லை. மண்டோரை எதிர்த்து ஒரு வார்த்தை பேசியதில்லை. நாலு பிள்ளைக்காரன். இதையெல்லாம் முதலில் எழுதுங்க கிராணியாரே" என்பார். அதற்குப் பின்னரே, பொது விடுமுறை நாளில் உழைத்த கூலி கணக்கில் ஏறாமற் போன செய்தி வெளியே வரும்.

குடிக்கிறவனாயிருந்தால் அந்தக் கூலி அவனுக்குச் சேராதா? மண்டோரை எதிர்த்துப் பேசியவனுடைய வியர்வை வியர்வை ஆகாதா? தனக்கு உரியதைக் கேட்பதற்கு முன்னால், தான் உத்தமன் என்று ஒருவன் ஏன் சாட்சி சொல்ல வேண்டும்?

இந்தக் கேள்வி என் மேசைமேல் நெடுநாள் கிடந்தது. அதை எடுத்துப் பிரித்துப் பார்க்க எனக்கு உதவியவை, கூலிக்கும் தோட்டத்துக்கும் சம்பந்தமேயில்லாத சில பழைய சினிமாப் படங்கள். ஆணை நேசிக்கும் ஆண்களுடைய வாழ்க்கையைப் பற்றி, பெரும்பாலும் பெரிய ஸ்டூடியோக்களின் தயவை எதிர்பாராமல் சிலர் எடுத்த படங்கள் அவை. விஷயத்தைக் கேட்டவுடன் வாசகர்களில் சிலர் முகம் சுளிக்கக்கூடும். சுளித்த முகத்தோடேயே மேலே படிக்கும்படி வேண்டுகிறேன். யாரும் தம் கொள்கையை இப்போதே மாற்றிக்கொள்ள வேண்டியதில்லை. சிறிது யோசித்துப் பார்த்தால் போதும்.

இவற்றுள் முதன்மையானது ஜெர்மனியில் 1919ஆம் ஆண்டு வெளிவந்த ஓர் ஊமைப்படம். 'மற்றவரினின்றும் வேறானவன்' என்று அதன் பெயரைத் தமிழில் சொல்லலாம். ரிச்சர்ட் ஆஸ்வால்டு என்பவர் அதைத் தம் சொந்தக் கம்பெனியிலேயே தயாரித்து இயக்கினார். கதையை அவரோடு சேர்ந்து எழுதியவர் பெர்லின் நகரத்து மருத்துவர் மாக்னஸ் ஹிர்ஷ்ஃபெல்டு. ஆணோடு ஆண் கூடுவதைக் குற்றமாக்கிய ஜெர்மன் தண்டனைச் சட்டத்தின் 175ஆம் பிரிவை ஒழிப்பதற்காக வாழ்நாளெல்லாம் பாடுபட்டவர் அவர். உலக யுத்தம் முடிந்து, முடியாட்சி வீழ்ந்து, படத்தணிக்கை எடுபட்டிருந்த சிறிது கால இடைவெளியில் அப்படம் பிறந்தது.

கதாநாயகன் பால் கெர்னர் பெயர்பெற்ற வயலின் வித்துவான். அவ்வேடம் பூண்டவர் கான்ராட் வைட். 1940ஆம் ஆண்டின் 'பாக்தாத் திருடன்' படத்தில், நம் மைசூர்ச் சாபுவுக்கு எதிராக ஜாஃபர் என்னும் கொடிய மந்திரியாய் நடித்தவர் அவரே. கெர்னர் தம்மிடம் வாத்தியம் பயில வந்த கூர்ட் என்னும் இளைஞனிடம் அன்பு கொள்கிறார். அவருடைய இரகசியத்தை அறிந்த ஒருவன், வெளியே சொல்லிவிடுவதாக மிரட்டி மேலும் மேலும் பணம் பறிக்கிறான். பொறுக்க முடியாத நிலையில் கெர்னர் அவனைக் கோர்ட்டுக்கு இழுக்கிறார். தீர்ப்பு என்ன தெரியுமா? மிரட்டியவனுக்கு மூன்று வருஷச் சிறை. மிரட்டப்பட்டவருக்கு ஒரு வாரச் சிறை. நீதிபதிக்குக் கெர்னர்மேல் இரக்கம் இருக்கிறது. ஆகையால் சட்டம் அனுமதிக்கும் மிகக் குறைந்த தண்டனையையே விதிக்கிறார். ஆனால் அந்த ஒரு வாரம் போதுமானதாகிவிடுகிறது. கச்சேரிகள் நின்றுபோகின்றன, நண்பர்கள் விலகுகிறார்கள், கெர்னர் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொள்கிறார். தானும் சாகத் துணிந்த கூர்ட்டை மருத்துவர் தடுத்து, உயிரோடிருந்து இந்த அநீதியை மாற்றப் பாடுபடு என்கிறார். அந்த மருத்துவராகப் படத்தில் தோன்றுபவர் ஹிர்ஷ்ஃபெல்டேதான். முடிவில், சட்டப் புத்தகத்தில் 175ஆம் பிரிவை ஒரு கை கோடிட்டு அடிக்கிறது.

அந்தக் கை திரையில் அடித்ததை ஜெர்மனி தன் சட்டப் புத்தகத்தில் முழுதாக அடிப்பதற்கு 1994 வரை ஆயிற்று. இடையில் நடந்தவை கொடியவை. 1920இல் தணிக்கை திரும்பி வந்தது. மருத்துவர்களும் ஆராய்ச்சியாளரும் தவிர வேறெவரும் அப்படத்தைப் பார்க்கலாகாது என்று தடை செய்யப்பட்டது. 1933 மே மாதம் நாஜிகள் ஹிர்ஷ்ஃபெல்டின் ஆராய்ச்சி நிலையத்தைச் சூறையாடி, அங்கிருந்த நூல்களைத் தெருவில் எரித்தார்கள். 1935இல் அந்தப் பிரிவை முன்னிலும் கடுமையாக்கினார்கள். படத்தில் இன்று எஞ்சியிருப்பது ஒரு பகுதியே.

இரண்டாவதாக நான் கருதுவது 1961ஆம் ஆண்டு இங்கிலாந்தில் பேஸில் டியர்டன் இயக்கிய 'விக்டிம்', அதாவது 'பலியானவன்' என்னும் படம். நடிகரும் இயக்குநருமாகச் சிலர் கூடித் தாங்களே அமைத்துக்கொண்ட ஒரு கம்பெனி அதை எடுத்தது. இங்கும் மிரட்டிப் பணம் பறிப்பதே கதை. பாரெட் என்னும் ஏழை இளைஞன் முதலாளியின் பணத்தைத் திருடுகிறான். தனக்காக அல்ல, தான் நேசித்த வக்கீலின் பெயர் வெளிவராமலிருக்க மிரட்டுவோருக்குக் கொடுப்பதற்காக. போலீஸ் பிடித்தபோது சிறைக்கொட்டடியில் உயிரை விடுகிறான். அந்த வக்கீல் மெல்வில் ஃபார் தம் பதவி, புகழ், குடும்ப அமைதி அனைத்தும் போகும் என்றறிந்தும், மிரட்டுவோரைப் பிடித்துக் கொடுத்துச் சாட்சி சொல்லத் துணிகிறார். டர்க் போகார்டு அவ்வேடத்தில் நடித்தார். மனமொத்த இரு ஆண்கள் தனிமையில் கூடுவதைக் குற்றமாகக் கொள்ளலாகாது என்று உல்ஃபெண்டன் கமிட்டி 1957இலேயே சிபாரிசு செய்திருந்தது. இங்கிலாந்தில் சட்டம் மாறியது 1967இல். இவ்விரண்டுக்கும் நடுவில், ஜனங்களுடைய மனத்தைப் பண்படுத்த வந்த படம் இது.

நிற்க. இவ்விரு படங்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோது எனக்கு என் மேசை ஞாபகம் வந்தது. இவை இரண்டும் மனுக்கள். என் தோட்டத்து மனுக்களைப் போலவே இவற்றுக்கும் ஒரு முதற் பத்தி இருக்கிறது. கெர்னர் யார்? மாபெரும் கலைஞர். அவருடைய மனக்கண்ணில் லியோனார்டோ டா வின்சி, சைக்கோவ்ஸ்கி, ஆஸ்கார் வைல்ட் போன்ற பெரியோர்கள் அந்தப் பிரிவின் நிழலில் வரிசையாக நடந்து போகிறார்கள். எவ்வளவு பெரியவர்களை இச்சட்டம் குற்றவாளியாக்குகிறது பாருங்கள் என்று படம் கேட்கிறது. ஃபார் யார்? கீர்த்தி வாய்ந்த வக்கீல். மனைவிக்குத் துரோகம் நினையாதவர். ஆசை இருந்தும் அதன்படி நடவாமல் தம்மை அடக்கிக்கொண்டவர். ஒரு குற்றமும் செய்யாதவரையே குற்றவாளிக் கூண்டில் நிறுத்திக் காட்டினால்தான் சபை இரங்கும் என்று படம் எடுத்தவர்கள் கணக்கிட்டிருக்க வேண்டும்.

கெர்னர் வித்துவானாயிராமல் வயலின் பெட்டியைத் தூக்கிச் செல்லும் கூலியாளாயிருந்தால் அந்தச் சட்டம் நியாயமாகிவிடுமா? ஃபார் தம்மை அடக்கிக்கொள்ளாதவராயிருந்தால் அவரை மிரட்டிப் பணம் பறிப்பது தர்மமாகிவிடுமா? ஆகாது என்பது அப்படங்களை எடுத்தவர்களுக்கும் தெரியும். ஆயினும் அவ்வாறு சொல்ல அன்று அவர்களுக்கு இடமிருக்கவில்லை. வாயைக் கட்டிப் போட்ட காலத்தில் மனு எழுதுவதும் வீரமே. ஹிர்ஷ்ஃபெல்டு தம் முகத்தோடும் பெயரோடும் திரையில் வந்து நின்றார் என்பதை மறக்கலாகாது. ஆகவே அவர்களைக் குறை சொல்ல எனக்கு வாயில்லை. மனுவோடு நின்றுவிடலாமா என்பதுதான் என் கேள்வி.

இதைப் புத்தகத்தில் படித்து நான் கேட்கவில்லை. ஒரு நண்பன் எனக்குக் கற்பித்தான். பள்ளிக்கூடத்தில் என்னோடு ஒரே பெஞ்சில் இருந்தவன்; பிற்காலத்தில் பட்டணத்தில் ஒரு கடையில் கணக்கு எழுதி வந்தான். அவனைப் பற்றி ஒரு பேச்சுக் கிளம்பியது. பேச்சு கடைக்குள்ளும் போயிற்று. நாளையிலிருந்து வரவேண்டாம் என்றார்கள். மனு எழுதிப் பழகிய நான் சும்மா இருப்பேனா? கடைக்காரரிடம் போனேன். "பத்து வருஷத்தில் ஒரு காசு பிசகாதவன். தாயைக் கண்போலக் காப்பாற்றுகிறவன். யார் வம்புக்கும் போகாதவன்" என்று மன்றாடினேன். அவர் மனமிரங்கி, "உங்கள் முகத்துக்காக வைத்துக்கொள்கிறேன்" என்றார். வெற்றியோடு வந்து நண்பனிடம் சொன்னேன். அவன் சந்தோஷப்படவில்லை. சிறிது நேரம் பேசாமலிருந்துவிட்டு, "அம்மா காலமான பிறகு என்ன சொல்வாய்? கணக்கில் ஒரு நாள் நான் தப்பு விட்டால் என்ன சொல்வாய்? நான் நல்லவனாயிருப்பதை ஒரு நாள் நிறுத்தினாலும் நீயே என்னை அவர்கள் கையில் கொடுத்துவிடுவாய் போலிருக்கிறதே" என்றான். கோபமாகச் சொல்லவில்லை. சில மாதங்களில் அவனாகவே அந்த வேலையை விட்டு வேறு ஊருக்குப் போய்விட்டான்.

அந்த வார்த்தை என்னை வெகுநாள் உறங்கவிடவில்லை. மிரட்டிப் பணம் பறிப்பவன் என்ன செய்கிறான்? மௌனத்துக்கு விலை கேட்கிறான். இரக்கம் காட்டுகிற நாம் என்ன செய்கிறோம்? நல்லொழுக்கத்தை விலையாகக் கேட்கிறோம். கேட்கும் விலை வேறு, கடை ஒன்றே. இரண்டு இடத்திலும், தவணை தவறிய அன்று அந்த மனிதனுக்கு முடிவு. கெர்னருக்கு இரங்கிய நீதிபதியும் கெர்னரைச் சிறைக்குத்தான் அனுப்பினார். இரக்கம் தண்டனையின் அளவைக் குறைத்தது. தண்டிக்கும் அதிகாரம் இருந்த இடத்திலேயே இருந்தது.

மனு எழுதுவதை நிறுத்திய படங்களும் பின்னர் வந்தன. அமெரிக்காவில் 1934 முதல் ஸ்டூடியோக்கள் கண்டிப்பாகக் கைக்கொண்ட ஒழுக்க விதிகள் இவ்விஷயத்தைத் திரையில் தொடவே விடவில்லை. 1961இல்தான் அந்தப் பிடி இந்த மட்டில் தளர்ந்தது. அதன் பின்னும் பெரிய படங்களில் இத்தகைய மனிதன் பரிகாசத்துக்கோ பரிதாபச் சாவுக்கோதான் பெரும்பாலும் உரியவனானான். 1974இல் கிறிஸ்டோபர் லார்கின் என்பவர் குறைந்த பணத்தில் 'மிக இயல்பான ஒன்று' என்னும் பொருள்படும் பெயரோடு ஒரு படம் எடுத்தார். மடத்தை விட்டு வெளிவந்து பள்ளி ஆசிரியனாகிய டேவிட், மார்க் என்பவனோடு ஒரே வீட்டில் வாழ்கிறான். ஒருவன் நிலையான குடித்தனம் வேண்டும் என்கிறான்; மற்றவன் கட்டுப்பாடு வேண்டாம் என்கிறான். சண்டை வருகிறது, பிரிகிறார்கள், டேவிட் சில காலத்துக்குப் பின் வேறொருவனிடம் அன்பு காண்கிறான். இவ்வளவுதான் கதை. மிரட்டுபவன் இல்லை, கோர்ட் இல்லை, சாவும் இல்லை. நம் வீடுகளில் புருஷன் பெண்சாதிக்குள் நடக்கும் வழக்கு அங்கும் நடக்கிறது.

1978இல் லண்டனில் ரான் பெக்கும் பால் ஹாலமும் சேர்ந்து 'நைட்ஹாக்ஸ்' என்ற படத்தை எடுத்தார்கள். அதில் நடித்தவர்களில் பலர் தொழில்முறை நடிகர்கள் அல்லர். ஜிம் என்பவன் பகலில் பூகோள ஆசிரியன். இரவில் துணை தேடி நடனக்கூடங்களில் நிற்பவன். இன்று ஒருவன், நாளை ஒருவன். எவரோடும் உறவு நிலைப்பதில்லை. அவனை உத்தமன் என்று படம் ஓரிடத்திலும் வாதிடவில்லை. ஒரு நாள் வகுப்பில் மாணவர்களே அவனைச் சூழ்ந்து, நீங்கள் அப்படிப்பட்டவரா என்று கேள்விமேல் கேள்வியாகக் கேட்கிறார்கள், ஏளனமாகவும் கேட்கிறார்கள். அவன் மறுக்கவுமில்லை, மன்னிப்பும் கேட்கவில்லை. பூகோளப் பாடத்தில் சந்தேகம் கேட்டால் எப்படிச் சொல்வானோ அப்படியே ஒவ்வொன்றுக்கும் நிதானமாகப் பதில் சொல்கிறான். அந்தக் காட்சியைப் பார்த்தபோது எனக்கு என் நண்பன் நினைவுக்கு வந்தான். அவன் விரும்பியது அதுவே. தன்னைப் பற்றித் தானே, தலை குனியாமல் பதில் சொல்லும் உரிமை.

1986இல் நியூயார்க்கில் பில் ஷெர்வுட் எடுத்த படம் 'பார்ட்டிங் கிளான்சஸ்'. எய்ட்ஸ் என்னும் கொள்ளைநோய் அந்நகரத்தில் பரவி, பத்திரிகைகளும் பிரசங்கிகளும் அதைப் பாவத்தின் சம்பளம் என்று பேசிய காலம். அப்படத்தில் நிக் என்ற நோயாளி வருகிறான். அவனைக் கண்ணீருக்காகக் கட்டிலில் கிடத்தவில்லை. கேலி பேசுகிறான், கோபிக்கிறான், பாட்டுக்காரனுக்குரிய அலட்சியத்தோடு உலவுகிறான். படம் முடியும்போதும் உயிரோடிருக்கிறான். இரக்கத்துக்கு எளிதில் இடங்கொடாத அந்த மனிதனைத்தான் நண்பன் மைக்கேல் விடாமல் நேசிக்கிறான். அதை எடுத்த ஷெர்வுட் அதே நோயால் 1990இல் இறந்தார். அவர் எடுத்த முழுநீளப் படம் அது ஒன்றே.

இங்கே ஒரு ஆட்சேபம் எழும். "குறையுள்ளவர்களாகக் காட்டினால் எதிரி கையில் ஆயுதம் கொடுத்தது போலாகாதா? நல்லவர்களைக் காட்டினால்தானே ஜனங்கள் மனம் மாறும்?" என்பார்கள். இது புத்திசாலித்தனமான ஆட்சேபமே. மனம் மாறுவதற்கு நல்லவர்களைக் காட்டுவது உதவலாம். முதற் படி அதுவாகவும் இருக்கலாம். ஆனால் அந்தப் படியிலேயே உட்கார்ந்துவிட்டால், நல்லவன் என்று நாம் சான்று கொடுத்தவன் மட்டும் மேலே வருவான். மற்றவர்கள் கீழேயே கிடப்பார்கள். 'பலியானவன்' படத்தில் வக்கீல் கடைசிவரை நிற்கிறார். திருடிய பாரெட் பாதிக்கு முன்பே போய்விடுகிறான். யார்மேல் நியாயத்தின் கை முதலில் படவேண்டும்? சான்று கொடுக்க ஆளில்லாதவன்மேல் அல்லவா?

ஒழுக்கம் தேவையில்லை என்று நான் சொல்வதாக யாரும் கொள்ள வேண்டாம். பிறனுக்குத் தீங்கு செய்தவன் யாராயினும் அதற்குரிய தண்டனையை அடையவேண்டும். அது அவன் செய்ததற்கு. அவன் யார் என்பதற்கன்று. நம்மில் மனைவியை அடிப்பவனைக் கண்டு, கலியாணமே குற்றம் என்று ஒருவரும் சட்டம் செய்வதில்லை. அந்த அளவுகோலை எல்லார்க்கும் பிடிக்கும்படிதான் கேட்கிறேன்.

இது ஜெர்மனி, இங்கிலாந்து, அமெரிக்காக்காரர்களுடைய விவகாரம், நமக்கென்ன என்று தள்ளிவிடவும் முடியாது. நம் பாட்டன்மாரைக் கப்பலேற்றி இங்கே ரப்பர் மரம் வெட்டக் கொண்டுவந்த அதே ஆட்சிதான் இந்தச் சட்டத்தையும் கொண்டுவந்தது. இந்தியாவுக்கு 1860இல் எழுதிய தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவு இந்நாடுகளுக்கும் வந்து சேர்ந்தது. ஆண்களைக் குறித்துத் தனியே 377ஏ என்னும் பிரிவு சிங்கப்பூரில் 1938இல் சேர்க்கப்பட்டது. இங்கிலாந்து தன் சட்டத்தை 1967இல் தளர்த்திக்கொண்டது. இந்தியாவில் 2018இல் உச்சநீதிமன்றம், மனமொத்த வயது வந்தவர்களுக்கு அது செல்லாது என்றது. சிங்கப்பூர்ப் பார்லிமெண்டு 377ஏ பிரிவை 2022இல் நீக்கியது. மலேசியத் தண்டனைச் சட்டத்தில் அந்தப் பழைய பிரிவின் வழிவந்தவை இன்றும் இருக்கின்றன. நம்மீது சுமத்திய கூலிச் சட்டங்களையெல்லாம் வெள்ளைக்காரன் சட்டம் என்று ஏசிய நாம், இதை மட்டும் நம் பாட்டன் சொத்தாக எண்ணிப் போற்றுவது விந்தையே.

நம் லயங்களிலும் பட்டணத்துச் சந்துகளிலும் இத்தகைய பிள்ளைகள் பிறக்கிறார்கள். தேநீர்க் கடையில் நாம் உதிர்க்கும் ஒரு பரிகாசச் சொல்லை அவர்கள் கேட்டுக்கொண்டுதான் இருக்கிறார்கள். அவர்களுக்காகப் பரிந்து பேச முன்வருகிறவர்களும், "நல்ல பிள்ளைதான், ஆனால்" என்று தொடங்குகிறோம். அந்த 'ஆனால்' என்ற சொல்லுக்குள் ஒரு கோர்ட்டும் ஒரு ஜெயிலும் இருக்கின்றன என்பதை என் நண்பன் எனக்குச் சொன்னான். அன்று எனக்கு விளங்கவில்லை. பிற்பாடு இந்தப் படங்களைப் பார்த்த போதுதான் விளங்கிற்று.

போன மாதம் ஒருவர் மனு எழுதச் சொல்லி வந்தார். வழக்கம்போல் இருபது வருஷ உழைப்பையும் தம் நல்ல குணங்களையும் சொல்லத் தொடங்கினார். நான் பேனாவைக் கீழே வைத்துவிட்டு, "அண்ணே, உங்களுக்கு எத்தனை நாள் கூலி பாக்கி, அதை மட்டும் சொல்லுங்கள்" என்றேன். அவர் திகைத்தார். "அப்படி எழுதினால் துரை கோபிக்கமாட்டாரா?" என்றார். கோபிக்கலாம் என்றேன். சிறிது யோசித்துவிட்டு, "ஆறு நாள்" என்றார். ஆறு நாள் என்றே எழுதினேன்.